பால்கனி ஸ்லாப்: மேல் கம்பி 25 மிமீ இறங்கினால்?

சுவரை விட்டு வெளியே நீளும் பால்கனி ஸ்லாபில் மெயின் கம்பி மேல்பக்கம்தான். 125 மிமீ கனம், 20 மிமீ கவர் (கம்பியை மூடும் கான்கிரீட் கனம்), எம்20 தரக் கான்கிரீட், 10 மிமீ எஃப்இ500 தரக் கம்பி 150 மிமீ இடைவெளியில் என்றால் பயனுறு ஆழம் (ஸ்லாபின் அடியிலிருந்து கம்பியின் மையம் வரை) 100 மிமீ. இந்தியக் கான்கிரீட் விதித்தொகுப்பான ஐஎஸ் 456:2000-இன் வரம்பு நிலைக் கணக்கில் (முறியும் நிலைக்கான கணக்கு) ஒரு மீட்டர் அகலம் 19.8 கிலோநியூட்டன்-மீட்டர் வளைவுத் திருப்புமை (ஸ்லாபை வளைக்கும் விளைவு) தாங்கும்.

கான்கிரீட் போடும்போது ஆட்கள் மிதித்துக் கம்பி 25 மிமீ இறங்கிவிட்டால்? 14.1 கிலோநியூட்டன்-மீட்டர்தான். 19.8-ஐ 1.5 சுமைக் காரணியால் (பாதுகாப்புக்காகச் சுமையைப் பெருக்கும் எண்) வகுத்தால் 13.2; முழு வலுவுக்கு வடிவமைத்த ஸ்லாபில் உண்மைச் சுமையே இவ்வளவு வரலாம், அதாவது கையிருப்பு ஏறக்குறைய காலி. தொய்வும் கூடும்.

மேல் கம்பியைத் தாங்கி நிற்கும் சேர் (நாற்காலி) கம்பியை மீட்டருக்கு ஒன்றாவது கட்டுங்கள், நடக்கப் பலகை போடுங்கள். மேல் கம்பி சுவருக்கு உள்பக்கம் 57 மடங்கு விட்டம், இங்கே 570 மிமீ, பிடித்திருக்க வேண்டும். சைட்டில் முதலில் வெட்டுப்படுவது இந்த நீளம்தான்!