நெருக்கமான பேஸ்பால் ஆட்டத்தைக் கைநழுவ விடும் தவறுகள்

கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸின் பிற்பாதி, உள்ளூர் அணி மட்டை பிடிக்கும் நேரம். ஆட்டம் சமன். ஒரு அவுட் ஆகிவிட்டது. எதிரணி ரன்னர் மூன்றாம் பேஸில், அதாவது ரன் கணக்காகும் ஹோம் பிளேட்டுக்கு ஒரு படி முன்னால், நிற்கிறார். பேட்டர் தூக்கியடித்த பந்து இடது கோட்டுக்கு வெளியே, ஃபவுல் பகுதியில், வேலியை ஒட்டி இறங்குகிறது. லெஃப்ட் ஃபீல்டர் பாய்ந்து ஓடிப் பிடிக்கிறார். அருமையான கேட்ச், அதோடு ஆட்டமும் போயிற்று. பந்து கையுறையில் பட்டவுடன் ரன்னர் பேஸை விட்டுக் கிளம்புவார். வேலியோரத்திலிருந்து எறிந்து அவரைப் பிடிக்க வழியில்லை. அந்தப் பந்தைத் தரையில் விழ விட்டிருந்தால் வெறும் ஃபவுல், அவ்வளவுதான். பிட்சர் அடுத்த பந்தை வீசியிருப்பார்.

ஒரு ரன் வித்தியாசத்தில் தோற்கும் ஆட்டங்களில் பெரும்பாலான பிழைகள் இந்த வகைதான். ஆடுபவரின் கையில் குறை இருக்காது. எந்த ரன் ஆட்டத்தைத் தீர்மானிக்கும் என்ற கணக்கில்தான் குறை இருக்கும். நிஜ மைதானமானாலும், கணினியில் ஓடும் சிமுலேஷன் ஆனாலும், பகடை உருட்டி ஆடும் அட்டை விளையாட்டானாலும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இப்போது யாருடைய ரன் முக்கியம்?

கிரிக்கெட் பார்த்துப் பழகியவர்கள் ஒன்றை மனதில் வைக்க வேண்டும். அங்கே விக்கெட் ஒரு கணக்கு, மீதமிருக்கும் பந்து இன்னொரு கணக்கு. பேஸ்பாலில் இரண்டும் ஒன்றுதான். இன்னிங்ஸுக்கு மூன்று வீதம் 27 அவுட் தீர்ந்தால் எல்லாம் தீர்ந்தது. ஓர் அவுட்டை விட்டுக்கொடுப்பது விக்கெட்டையும் ஓவர்களையும் ஒரே நேரத்தில் இழப்பதற்குச் சமம்.

கண்ணை மூடிக்கொண்டு பன்ட் ஆடுவது

முதல் பேட்டர் முதல் பேஸை அடைந்துவிட்டார், அவுட் இல்லை. ஆட்டம் நெருக்கம். உடனே அடுத்தவரைப் பன்ட் ஆடச் சொல்லி, அதாவது மட்டையை வீசாமல் பந்தை மெல்லத் தட்டி உருட்டித் தான் அவுட் ஆனாலும் பரவாயில்லை என்று, ரன்னரை இரண்டாம் பேஸுக்கு நகர்த்துவது பழைய வழக்கம். வட அமெரிக்காவின் உச்ச பேஸ்பால் லீக்கான மேஜர் லீக்கின் 2010–2015 ஆட்டங்களைத் தொகுத்த அட்டவணையைப் பார்த்தால் இது எவ்வளவு மோசமான பேரம் என்பது தெரியும். முதல் பேஸில் ஆள், அவுட் இல்லை என்ற நிலையிலிருந்து அந்த இன்னிங்ஸ் முடிவதற்குள் சராசரியாக 0.86 ரன் வரும். இரண்டாம் பேஸில் ஆள், ஓர் அவுட் என்றால் 0.66. சராசரி கிடக்கட்டும், ஒரே ஒரு ரன் போதும் என்பீர்கள். குறைந்தது ஒரு ரன்னாவது வரும் வாய்ப்பும் 42 சதவீதத்திலிருந்து 40 ஆக இறங்குகிறது. இது பன்ட் கச்சிதமாக அமைந்தால் கிடைக்கும் கணக்கு. பந்து மேலே எழும்பிப் பிடிபடலாம்; முன்னால் ஓடுபவரே அவுட் ஆகலாம். அந்த நஷ்டம் இதில் சேரவில்லை.

ரன்னர் ஏற்கெனவே இரண்டாம் பேஸில் இருந்தால் கதை மாறுகிறது. அவுட் இல்லாமல் அங்கே இருக்கும்போது ஒரு ரன்னாவது வரும் வாய்ப்பு 61 சதவீதம். பன்ட் ஆடி மூன்றாம் பேஸுக்கு நகர்த்தினால், ஓர் அவுட் போனபின்பும் 66. முதலிலும் இரண்டிலும் ஆள் இருந்தால் 61-இலிருந்து 68. ஆனால் இரண்டிலும் சராசரி ரன் குறைகிறது: 1.10 என்பது 0.95 ஆகிறது; 1.44 என்பது 1.38 ஆகிறது. அதாவது ஒரே ரன்னில் ஆட்டம் முடியும் என்றால் மட்டும் இது லாபம். இவை சராசரி பேட்டர்களை வைத்துப் போட்ட எண்கள். மட்டையில் ஆள் மிகப் பலவீனம் என்றால் தராசு பன்ட் பக்கம் சாயும்; அணியின் சிறந்த பேட்டரைப் பன்ட் ஆடச் சொல்வதை எந்த எண்ணாலும் நியாயப்படுத்த முடியாது.

பந்தை எங்கே உருட்டுவது என்பதிலும் பலர் கோட்டை விடுகிறார்கள். முதல் பேஸில் மட்டும் ஆள் இருந்தால் முதல் பேஸ் பக்கம் உருட்ட வேண்டும். ரன்னரை ஒட்டி நிற்க வேண்டிய கட்டாயத்தில் அந்த ஃபீல்டர் தாமதமாகத்தான் கிளம்புவார். முதலிலும் இரண்டிலும் ஆள் இருந்தால் மூன்றாம் பேஸ் பக்கம், கொஞ்சம் அழுத்தமாக. மூன்றாம் பேஸ்மேனே ஓடி வந்து எடுக்க வேண்டியதாக இருந்தால் பேஸைக் காக்க அங்கே ஆள் இருக்காது. அதே பந்து பிட்சர் கைக்கு நேராகப் போனால் திரும்பி மூன்றாம் பேஸுக்கு எறிந்து முன்னால் ஓடுபவரை எளிதாக அவுட் ஆக்கிவிடுவார்.

பத்தாவது இன்னிங்ஸில் இரு அணிக்கும் ஒரே திட்டம் என நினைப்பது

2020 முதல் மேஜர் லீக்கில் கூடுதல் இன்னிங்ஸ் ஒவ்வொன்றும் இரண்டாம் பேஸில் ஒரு ரன்னருடன் தொடங்குகிறது. 2023-இல் விதி நிரந்தரமானது. பருவ முடிவில் பட்டத்துக்காக ஆடும் பிளேஆஃப் ஆட்டங்களில் இது கிடையாது. முதலில் ஆடும் வெளியூர் அணி பன்ட் ஆடி ஒரு ரன் எடுத்துவிட்டு நிம்மதியடைவதுதான் இங்கே அதிகம் காணும் தவறு. எதிரணியும் அதே இலவச ரன்னருடன் தொடங்கும், அவர்களுக்கும் 61 சதவீதம் உண்டு என்பதை மறந்துவிடுகிறார்கள். வெளியூர் அணி இரண்டு, மூன்று ரன் எடுக்கப் பார்க்க வேண்டும். மட்டையை வீச வேண்டும்.

உள்ளூர் அணிக்கு அந்தக் கவலை இல்லை. எத்தனை ரன் தேவை என்று தெரிந்துகொண்டே ஆடுகிறது. வெளியூர் அணி பூஜ்யத்தில் முடித்திருந்தால் பன்ட் நியாயமான ஆட்டம். ஒரு ரன் எடுத்திருந்தால் பன்ட் ஆட்டத்தைச் சமன் செய்ய மட்டுமே உதவும், வெல்ல வைக்கும் இரண்டாவது ரன்னைத் தூரத் தள்ளும். இரண்டு ரன் எடுத்திருந்தால் யோசனையே வேண்டாம்.

ஸ்டீல் (பிட்சர் வீசும்போதே ஓடி அடுத்த பேஸைத் திருடுவது): ஓடக் கூடாதபோது ஓடுவது, ஓட வேண்டியபோது நிற்பது

மேஜர் லீக்கின் இறுதிப் போட்டியான உலகத் தொடர், 2013, நான்காவது ஆட்டம். ஒன்பதாவது இன்னிங்ஸ், செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் 2–4 எனப் பின்தங்கியிருக்கிறது, இரண்டு அவுட். மட்டையில் கார்லோஸ் பெல்ட்ரான். முதல் பேஸில் பதிலி ரன்னர் கோல்டன் வாங். அவர் பேஸை விட்டுத் தள்ளி நிற்க, பாஸ்டன் பிட்சர் கோஜி உஹெரா திரும்பி எறிந்து அவரை அவுட் ஆக்கினார். ஆட்டம் முடிந்தது. வாங்கின் ரன்னால் எதுவும் மாறியிருக்காது. சமன் செய்யும் ரன் பெல்ட்ரான் கையில் இருந்தது. இரண்டு ரன் பின்தங்கியிருக்கும்போது முதல் பேஸில் நிற்பவர் செய்ய வேண்டிய ஒரே வேலை அவுட் ஆகாமல் இருப்பது.

இதற்கு நேர்மாறு 2004 அமெரிக்கன் லீக் இறுதித் தொடரின் நான்காவது ஆட்டம். பாஸ்டன் 3–4 எனப் பின்தங்கிய ஒன்பதாவது இன்னிங்ஸில் கெவின் மில்லாருக்கு வாக் (நான்கு தவறான வீச்சுகளுக்காக இலவசமாக முதல் பேஸ்) கிடைத்தது. அவருக்குப் பதிலாக ஓட வந்த டேவ் ராபர்ட்ஸ் இரண்டாம் பேஸைத் திருடினார். பில் முல்லரின் அடியில் சமன் ஆயிற்று. 12-ஆவது இன்னிங்ஸில் வெற்றி. ஒரு ரன் பின்தங்கல், ரன்னரே சமன் செய்யும் ரன். ஓடத்தான் வேண்டும்.

எண்ணாகச் சொன்னால், அவுட் இல்லாமல் முதல் பேஸிலிருந்து ஓடுவதற்குச் சராசரி ரன் கணக்கில் 70 சதவீதத்துக்குச் சற்று மேல் வெற்றி விகிதம் வேண்டும். ஒரு ரன் போதும் என்றால் 60-க்குக் கீழே இருந்தாலும் நஷ்டமில்லை. 2023-இல் பேஸின் அளவு 15 அங்குலத்திலிருந்து 18 ஆனது. ஒரு பேட்டர் ஆடி முடிவதற்குள் பிட்சர் இரண்டு முறைக்கு மேல் ரன்னரை நோக்கி எறிந்தால், மூன்றாவது எறிதலில் அவுட் ஆக்காவிட்டால் பால்க், அதாவது ரன்னருக்கு அடுத்த பேஸ் இலவசம், என்று விதி வந்தது. அந்த ஆண்டு மேஜர் லீக் முழுவதும் ஸ்டீல் முயற்சிகளில் சுமார் 80 சதவீதம் வெற்றி. எதிரணிப் பிட்சர் இரண்டு எறிதல்களையும் தீர்த்துவிட்ட பின்பும் ரன்னர் பேஸோடு ஒட்டிக்கொண்டு நிற்பது இப்போதைய பெரிய தவறு. பிட்சர் பக்கமிருந்து பார்த்தால், அந்த இரண்டையும் அவசரப்பட்டு முதல் இரண்டு பந்துகளுக்குள் செலவழிப்பது தவறு.

மூன்றாம் பேஸில் முதல் அவுட்டோ கடைசி அவுட்டோ ஆகாதே என்பது பழைய பாடம். இரண்டு அவுட் ஆனபின் இரண்டாம் பேஸிலிருந்து ரன் வரும் வாய்ப்பு 22 சதவீதம், மூன்றாம் பேஸிலிருந்து 26. நான்கு புள்ளிக்காக இன்னிங்ஸையே பணயம் வைப்பதா? ஹோம் பிளேட்டுக்கு ஓடுவது வேறு விஷயம். இரண்டு அவுட் இருக்கும்போது, ஓடினால் பிழைக்கும் வாய்ப்பு நான்கில் ஒன்றுக்கு மேல் என்று தோன்றினால் மூன்றாம் பேஸ் பயிற்சியாளர் கையைச் சுழற்றி அனுப்ப வேண்டும். பல பயிற்சியாளர்கள் அதைவிட அதிக நிச்சயம் தேடுகிறார்கள்.

முதல் பேஸை நிரப்பும் இலவச வாக்

ஏழாவது இன்னிங்ஸ், ஒரு ரன் முன்னிலை, எதிரணி ரன்னர் இரண்டாம் பேஸில், ஓர் அவுட். ஒரே பந்தில் இருவரை அவுட் ஆக்கும் டபுள் பிளே கிடைக்கும் என்று அடுத்த பேட்டருக்கு வேண்டுமென்றே வாக் கொடுத்தால் எதிரணியின் சராசரி ரன் 0.66-இலிருந்து 0.88 ஆகிறது. கிடைக்காத டபுள் பிளேவுக்கு முன்பணம். அதிலும் நீங்கள் இலவசமாக ஏற்றிவிட்டவர் எதிரணியை முன்னிலைக்குக் கொண்டுபோகும் ரன்.

ஒன்பதாவது இன்னிங்ஸின் பிற்பாதியில், சமநிலையில், இதே வாக் கிட்டத்தட்டச் செலவில்லாதது. முன்னால் நிற்பவர் வந்தாலே ஆட்டம் முடிந்துவிடும். பின்னால் நிற்பவரின் ரன்னுக்கு மதிப்பில்லை. அப்போதும் மூன்று பேஸையும் நிரப்பும் முன் ஒரு கணம் யோசியுங்கள். அதன்பின் உங்கள் பிட்சரின் நான்கு பால்களே (தவறான வீச்சுகளே) தோல்வியாகிவிடும். கட்டுப்பாடு குறைந்தவர் பிட்சர் மேட்டில் இருந்தால் அந்த வழியே வேண்டாம்.

குளோசரைப் பெட்டியில் பூட்டி வைப்பது

2016 அக்டோபர் 4, டொரண்டோ. ஒரே ஆட்டத்தில் தலைவிதியைத் தீர்மானிக்கும் வைல்ட் கார்ட் ஆட்டம், 2–2. பால்டிமோர் ஓரியோல்ஸ் மேலாளர் பக் ஷோவால்டரிடம் குளோசர், அதாவது முன்னிலையைக் காக்கக் கடைசியில் வரும் பிட்சர், ஜாக் பிரிட்டன் இருந்தார். அந்தப் பருவத்தில் 47 சேவ் (முன்னிலையைக் காத்து ஆட்டத்தை முடிப்பது) வாய்ப்புகளில் 47-உம் முடித்தவர். வெளியூரில் முன்னிலை கிடைத்தபின்தான் குளோசர் என்று அவரைக் காத்து வைத்தார்கள். 11-ஆவது இன்னிங்ஸில் உபால்டோ ஹிமெனெஸ் பந்தில் எட்வின் என்கார்னசியோன் மூன்று ரன் ஹோம் ரன் அடித்தார். பிரிட்டன் கடைசிவரை வரவேயில்லை.

வெளியூர் அணிக்கு ஒன்பதாவது இன்னிங்ஸின் பிற்பாதியும் அதற்குப் பிறகு வருவதும் ஒவ்வொன்றும் மரண விளிம்புதான். வரப்போவதா என்று தெரியாத முன்னிலைக்காகச் சிறந்தவரைச் சேமிப்பதில் பொருளில்லை. எட்டாவது இன்னிங்ஸில் எதிரணியின் இரண்டு, மூன்று, நான்காம் இடத்துப் பேட்டர்கள் வரும்போது இவரை வீசவிட்டு, ஒன்பதாவதில் ஐந்து, ஆறு, ஏழாம் இடத்தாரை வேறொருவரிடம் கொடுக்கலாம். சேவ் கணக்கு யார் பெயரில் ஏறுகிறது என்பது வெற்றிக்கு அவசியமில்லாத செய்தி.

2020 முதல் ரிலீவர் (இடையில் மாற்றாக வரும் பிட்சர்) குறைந்தது மூன்று பேட்டர்களையாவது சந்திக்க வேண்டும், அல்லது இன்னிங்ஸை முடிக்க வேண்டும். ஒரே ஓர் இடக்கை பேட்டருக்காக இடக்கை பிட்சரைக் கொண்டுவரும் முன், அவருக்குப் பின்னால் வரும் இருவரையும் பாருங்கள். இரண்டு அவுட் ஆனபின் கொண்டுவந்தால் ஓர் அவுட்டோடு அவரை மாற்ற முடியும், ஆபத்து பாதியாகும்.

தற்காப்பில் சில

பேஸ்களை ஒட்டி நிற்கும் இன்ஃபீல்டர்களை முன்னே இழுப்பது ஹோம் பிளேட்டில் ரன்னைத் தடுக்கும். கூடவே சாதாரண உருளும் பந்துகள் இடைவெளியில் புகவும், சரியாகப் படாமல் மெல்ல எழும்பும் அடிகள் தலையைத் தாண்டி விழவும் வழி செய்யும். 2001 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்தில் லூயிஸ் கொன்சாலஸின் வெற்றி அடி முன்னே வந்து நின்ற டெரெக் ஜீட்டரின் தலையைத் தாண்டித்தான் விழுந்தது. ஒன்பதாவதில், அந்த ரன் வந்தால் எல்லாம் முடிந்தது என்ற நிலையில் அது சரியான முடிவு, பலன் கைவிட்டது. மூன்றாவது இன்னிங்ஸில் அதைச் செய்வதுதான் பிழை.

அவுட்ஃபீல்டுக்கும் இதே கேள்விதான். இரண்டு அவுட், சமன் செய்யும் ரன்னர் முதல் பேஸில் என்றால் ஆழமாக நிற்கட்டும். இரண்டு பேஸ் தரும் டபுள் மட்டுமே ஆபத்து. அவர் இரண்டாம் பேஸில் என்றால் ஆழமாக நிற்பதில் பயனில்லை. ஒரு பேஸ் தரும் சாதாரண சிங்கிளே ரன். சில அடி முன்னே வந்து ஹோம் பிளேட்டுக்கு எறியும் தூரத்தைக் குறைக்க வேண்டும்.

சிமுலேஷனில் கூடுதலாக

அவுட் ஆஃப் த பார்க் பேஸ்பால் போன்ற கணினி விளையாட்டில் அணி அளவில் பன்ட், ஸ்டீல் அளவுகளை ஏற்றி வைத்துவிட்டு ஆட்டத்தை வேகமாக ஓடவிடுவார்கள். அடித்து ஆடும் நான்காம் இடத்து பேட்டரும் பன்ட் ஆடத் தொடங்குவார். அணி அளவைத் தாழ்வாக வைத்து, ஓடத் தெரிந்த இருவருக்கும் மட்டையில் பலவீனமான ஒருவருக்கும் வீரர் அளவில் மாற்றுங்கள்.

ஒரு ரன் ஆட்டங்களின் வெற்றி தோல்விப் பட்டியலைப் பார்த்து அணியைக் கலைக்காதீர்கள். ஓரியோல்ஸ் 2012-இல் அத்தகைய ஆட்டங்களில் 29–9; அடுத்த ஆண்டு, அதே ஷோவால்டரின் கீழ், 20–31. நாணயம் சுண்டி 45 ஆட்டங்களைத் தீர்மானித்தாலும் 26–19 என்றும் 19–26 என்றும் வருவது சாதாரணம். புல்பென்னை (மாற்றுப் பிட்சர் கூட்டத்தை) திருத்த வேண்டுமா என்பதை மொத்தம் எடுத்த ரன், கொடுத்த ரன் வித்தியாசத்தைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

1961 முதல் ஆடப்படும் ஸ்ட்ராட்-ஓ-மேட்டிக் அட்டை விளையாட்டில் மூன்று பகடைகளில் ஒன்று 1, 2, 3 காட்டினால் பேட்டர் அட்டை, 4, 5, 6 காட்டினால் பிட்சர் அட்டை. பாதி உருட்டல்களில் உங்கள் பேட்டர் யார் என்பதைவிட எதிரே இருப்பவர் யார் என்பதே பேசும். அதனால் ஏழாவது இன்னிங்ஸில் கொஞ்சம் மட்டுமே சிறந்த மாற்று பேட்டரை இறக்கி, அவருக்காக நல்ல ஷார்ட்ஸ்டாப்பை (இரண்டாம், மூன்றாம் பேஸுக்கு இடையே நிற்பவரை) வெளியே எடுப்பது கட்டுப்படியாகாது. அடுத்த மூன்று இன்னிங்ஸிலும் அந்த இடத்துக்கு உருளும் பந்துகள் எல்லாம் உங்களுடைய மோசமான ஃபீல்டிங் எண்ணில்தான் விழும்.