தேக்கா ஈரச்சந்தைக்குச் செல்பவர்களுக்கு

சிங்கப்பூரில் பேரங்காடிகள் மூலைக்கு மூலை இருந்தும் தேக்கா சந்தையை மக்கள் இன்னமும் தேடி வருவதற்கு, அங்கே பொருளுடன் சேர்த்து அதை விற்பவரின் அனுபவமும் கிடைப்பதே முக்கியக் காரணம் என்பேன். 1915இல் எழுந்த பழைய கண்டாங் கெர்பாவ் சந்தையின் தொடர்ச்சியாக, 1982இல் சாலையின் எதிர்ப்புறம் திறக்கப்பட்ட இக்கட்டடத்தின் தரைத்தளத்தில் இறைச்சி, மீன், காய்கறிகளைப் புதிதாக விற்கும் ஈரச்சந்தையும் உணவங்காடியும், மேல்தளத்தில் துணிக்கடைகளும் தையற்கடைகளும் உள்ளன.

லிட்டில் இந்தியா எம்ஆர்டி ரயில் நிலையத்தின் ‘சி’ வாயிலில் இறங்கினால் சந்தை அருகிலேயே இருக்கிறது. ஈரச்சந்தை காலைநேர வணிகம் என்பதால் முற்பகலுக்குள் செல்லுங்கள். திங்கட்கிழமை பல கடைகள் மூடியிருக்கும். வெளிநாட்டு ஊழியர்களின் ஓய்வுநாளான ஞாயிறன்று வட்டாரமே நிரம்பி வழியும். அந்தக் கலகலப்பை விரும்புவோர் அன்றே போகலாம், நிதானமாக வாங்க நினைப்போர் வாரநாளைத் தேர்ந்தெடுப்பது நல்லது.

ஆட்டிறைச்சி வாங்கும்போது எடையை மட்டும் சொல்லி நிறுத்திவிடாமல், குழம்புக்கா, பிரியாணிக்கா, சூப்புக்கா என்பதையும் சொன்னால், கடைக்காரரே பொருத்தமான பகுதியைத் தேர்ந்து அதற்கேற்ற அளவில் வெட்டித் தருவார். முருங்கைக்கீரை, வாழைப்பூ, வாழையிலை ஆகியவற்றுக்கு ஒரு சுற்று நடந்து பார்த்தபின் வாங்குங்கள், கடைக்குக் கடை தரம் வேறுபடும். தரை எப்போதும் ஈரமாக இருப்பதால் வழுக்காத காலணியும், சில்லறைத் தாள்களும், உறுதியான துணிப்பையும் அவசியம்.