பதினாறு வயதில் சீரியல் வாய்ப்பு வந்தால்: பிரிட்டனில் பிள்ளைகளும் பெற்றோரும் செய்யும் தவறுகள்

பிரிட்டனில் படப்பிடிப்புத் தளங்களில் சிறுவர் நடிகர்களுக்குத் துணையாக நிற்பது என் வேலை. கவுன்சிலில், அதாவது உள்ளாட்சி மன்றத்தில், உரிமம் வாங்கித்தான் இதைச் செய்ய முடியும். பிள்ளை எத்தனை மணிக்கு வந்தது, எப்போது சாப்பிட்டது, எவ்வளவு நேரம் கேமரா முன்னால் நின்றது என்று குறித்துவைக்க வேண்டும். நேரம் முடிந்தால் இயக்குநர் முகம் சுளித்தாலும் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வெளியே வர வேண்டும். இந்த வேலையில் இருப்பதால் புதிதாக வரும் குடும்பங்களையெல்லாம் பார்க்கிறேன். பத்து வருஷத்துக்கு முன்னால் வந்தவர்கள் எங்கே சறுக்கினார்களோ, இன்றைக்கு வருகிறவர்களும் அங்கேயே சறுக்குகிறார்கள்.

தாமதமாக வராதே, வசனத்தைப் படித்துவிட்டு வா, வரப்போகும் கதையை இன்ஸ்டாகிராமில் உளறாதே என்பதையெல்லாம் நான் எழுதப்போவதில்லை. அது தெரியாத பிள்ளையை யாரும் ஆடிஷனுக்கே கூப்பிடமாட்டார்கள்.

யாராவது வந்து கண்டுபிடிப்பார்கள் என்று காத்திருப்பது

'கொரனேஷன் ஸ்ட்ரீட்' தொடரில் ஸ்டீவ் மெக்டொனால்டாக வரும் சைமன் கிரெக்சனைத்தான் பெற்றோர் எப்போதும் உதாரணம் காட்டுவார்கள். 1989 டிசம்பரில் மெக்டொனால்டு குடும்பம் அந்தக் கதைத் தெருவுக்குக் குடிவந்தபோது அவருக்கு வயது 15. முப்பத்தைந்து வருஷம் தாண்டியும் அதே பாத்திரத்தில் இருக்கிறார். இப்படியும் நடக்கும், மறுக்கவில்லை. ஆனால் அன்றைக்குத் தயாரிப்பாளர்களுக்கு வேண்டியிருந்தது இரட்டைச் சகோதரர்களாக நிற்கக்கூடிய இரண்டு சாதாரணப் பையன்கள். அந்தத் தேவை தினமும் வராது.

மற்றவர்கள் வந்த வழியைப் பாருங்கள். 'ஈஸ்ட்எண்டர்ஸ்' தொடர் 1985 பிப்ரவரி 19 அன்று தொடங்கியபோது மிஷெல் ஃபௌலராக நடித்த சூசன் டலிக்கு வயது 17. அதற்குள் அவர் 'கிரேஞ்ச் ஹில்' என்ற பிபிசி பள்ளித் தொடரில் நடித்து முடித்திருந்தார். அதற்கும் முன்னால், லண்டன் இஸ்லிங்டனில் ஆனா ஷெர் 1968-ல் தொடங்கிய நாடக வகுப்பின் மாணவி. உள்ளூர்ப் பிள்ளைகள் பள்ளி விட்டதும் போய், எழுதிவைத்த வசனமில்லாமல் அங்கேயே யோசித்து நடித்துப் பழகிய இடம் அது. பிற்பாடு 'ஈஸ்ட்எண்டர்ஸ்' தொடருக்கு வந்த பலரும் அங்கே பயின்றவர்களே. ஆனா ஃப்ரீல் 16 வயதில் 'புரூக்சைட்' தொடருக்குள் வந்தார் என்று சொல்பவர்கள், அவர் ஓல்டம் தியேட்டர் வொர்க்‌ஷாப்பில் பயின்றவர் என்பதைச் சொல்வதில்லை.

லேசி டர்னர் கதை இன்னும் பயனுள்ளது. அவர் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' ஆடிஷனுக்குப் போனது டெமி மில்லர் என்ற பாத்திரத்துக்கு. அது கிடைக்கவில்லை. பார்த்தவர்களுக்கு அவர் முகம் மனதில் நின்றது, 2004-ல் 16 வயதில் ஸ்டேசி ஸ்லேட்டராக உள்ளே வந்தார். ஒரு பாத்திரம் கை நழுவியதும் ஏஜென்டை மாற்றுகிற அப்பாக்களுக்கு இதைத்தான் சொல்கிறேன்: நடிகர் தேர்வு செய்கிறவர்கள் கையில் ஒரு பாத்திரத்தோடு வருகிறார்கள், தலைக்குள் அடுத்த வருஷத்துக்கான பாத்திரங்களையும் வைத்திருக்கிறார்கள்.

"பதினாறு ஆகிவிட்டது, இனி உரிமம் வேண்டாம்"

தப்பு. இங்கிலாந்தில் பிறந்தநாள் கணக்கே இல்லை. பதினாறு வயது நிறைகிற அந்தப் பள்ளி ஆண்டின் ஜூன் மாதக் கடைசி வெள்ளிக்கிழமை வரை, உள்ளூர் கவுன்சில் கொடுக்கும் நடிப்பு உரிமம் தேவைப்படும். அக்டோபரில் பதினாறு முடித்த பிள்ளைக்கு அடுத்த ஜூன் வரைக்கும் அது வேண்டும். விண்ணப்பம் 21 நாளுக்குக் குறைவான அவகாசத்தில் போனால் கவுன்சில் மறுக்கலாம். உரிமத்தின் கீழ் வரும் ஒன்பது வயதுக்கு மேற்பட்ட பிள்ளை, தளத்தில் ஒரு நாளைக்கு ஒன்பதரை மணி நேரம் வரை இருக்கலாம், அதில் நடிப்பது ஐந்து மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. பள்ளி நாளாக இருந்தால் பாடத்துக்கும் நேரம் ஒதுக்க வேண்டும்.

இந்தக் கணக்குத் தெரிந்தால் இன்னொன்றும் புரியும். நான்கு கேமராவை வைத்து ஓட்டமாக எடுக்கிற தொடருக்கு, நேரக் கட்டுப்பாடு நீங்கிய பதினாறு வயதுப் பிள்ளை பதின்மூன்றாகத் தெரிந்தால் பெரிய வசதி. 2000-ல் 'கொரனேஷன் ஸ்ட்ரீட்' கதையில் பதின்மூன்று வயது சாரா-லூயிஸ் குழந்தை பெற்றாள். நடித்த டினா ஓ'பிரையனுக்கு அப்போது பதினாறு. ஆகவே உங்கள் பிள்ளை சின்னதாகத் தெரிகிறது என்று வருத்தப்பட வேண்டாம், வயதைக் குறைத்துச் சொல்லவும் வேண்டாம். எந்த வயதுப் பாத்திரத்துக்குப் பொருந்தும் என்பதை எழுத நடிகர் விவரக்குறிப்பில் தனி இடம் இருக்கிறது. உண்மை வயதில் கைவைத்தால் உரிமத் தாளில் மாட்டிக்கொள்வீர்கள்.

வந்த பணமெல்லாம் நம் பணம் என்று நினைப்பது

மற்ற தவறுகளைப் பார்த்தால் பரிதாபம் வரும். இதைப் பார்த்தால் எனக்கு இன்னும் கோபம்தான் வருகிறது.

ஒரு பையன். பதினேழு வயது. எந்தத் தொடர் என்று சொல்லப்போவதில்லை. நல்ல பாத்திரம், வாரத்தில் பாதி நாள் வேலை. முதல் சில மாதத்தில் அவன் கணக்கில் விழுந்த தொகையை அந்த வீட்டில் யாரும் அதற்கு முன் பார்த்ததில்லை. கார் வந்தது, அம்மாவுக்குச் சமையலறை புதுப்பித்தாயிற்று, மாமா பையனுக்குக் கைமாற்றும் போயிற்று. ஒரு நாள் காத்திருப்பு அறையில் அந்த அம்மாவிடம், "வரிக்கு எடுத்துவைக்கிறீர்களா?" என்று கேட்டேன்.

"ஏஜென்ட் எல்லாம் பிடித்துக்கொண்டுதானே அக்கா அனுப்புகிறார்?"

"அவர் பிடித்தது அவருடைய கமிஷன், தங்கச்சி. அரசாங்கத்துக்கு ஒரு பென்னிகூடப் போகவில்லை."

அவர் சிரித்தார். நான் மிரட்டுகிறேன் என்று நினைத்திருப்பார்.

விஷயம் இதுதான். கடையில் வேலை பார்த்தால் சம்பளத்திலேயே வரியைப் பிடித்துவிட்டு மீதியைத் தருவார்கள். பிரிட்டனில் நடிகர் பொதுவாகச் சுயதொழில் செய்பவர் என்றே கருதப்படுகிறார். முழுப் பணமும் கைக்கு வரும், கணக்கை நாமே தாக்கல் செய்து நாமே கட்ட வேண்டும். 'பதினெட்டு ஆகாத பிள்ளைக்கு வரி கிடையாது' என்ற ஒரு நம்பிக்கை எங்கிருந்துதான் வந்ததோ! வருமான வரிக்கு வயது வரம்பே இல்லை. 12,570 பவுண்டுக்குமேல் சம்பாதித்தால் பன்னிரண்டு வயதுப் பிள்ளையும் கட்டியாக வேண்டும். பதினாறுக்குக் கீழே விலக்கு இருப்பது, ஓய்வூதியம் போன்றவற்றுக்காக அரசாங்கம் வாங்கும் தேசியக் காப்பீட்டுக்கு மட்டும்.

ஓர் எண்ணை எடுத்துக்கொள்வோம். 2024-25 வரி ஆண்டில், கமிஷனும் செலவும் போக 40,000 பவுண்டு நிற்கிறது. வருமான வரி 5,486. தேசியக் காப்பீடு சுமார் 1,646. மொத்தம் 7,132 பவுண்டு. இதுவரைக்கும் எல்லோரும் எப்படியாவது சமாளித்துவிடுகிறார்கள். இதற்கு அடுத்த கட்டத்தில்தான் குடும்பங்கள் கவிழ்கின்றன. அடுத்த ஆண்டும் இதே அளவு சம்பாதிப்பீர்கள் என்று வரித்துறை எடுத்துக்கொண்டு, அந்த 7,132-ல் பாதியை முன்பணமாக அதே நாளில் கேட்கும். ஆக 2026 ஜனவரி 31 அன்று கட்ட வேண்டியது ஏறக்குறைய 10,700 பவுண்டு. ஜூலை 31-ல் இன்னொரு 3,566.

நாட்களைக் கவனியுங்கள். 2024 மே மாதம் சம்பாதித்த பணத்துக்கு 2026 ஜனவரியில் வரி. இருபது மாத இடைவெளி. சீரியலில் இருபது மாதம் என்பது ஒரு யுகம். அதற்குள் பாத்திரம் கார் விபத்தில் செத்து, சவ அடக்கம் ஒளிபரப்பாகி, அந்த வீட்டுக்கு வேறு குடும்பம் குடிவந்துவிடும். அந்தப் பையனுக்கு நடந்ததும் அதுவேதான். பாத்திரத்தை முடித்துவிட்டார்கள், வேறு வேலை வரவில்லை, ஜனவரி வந்தது. காரை வாங்கிய விலைக்கு விற்க முடியவில்லை. வட்டியோடு தவணை கட்டினார்கள். இரண்டு மூன்று நல்ல நாடக வாய்ப்புகளை, சம்பளம் குறைவு என்பதால் அவன் விட்டுவிட்டான். எனக்கு ஆறாதது அந்தக் கடைசி விஷயம்தான். நாடகமேடைதான் அவன் போயிருக்க வேண்டிய இடம். கடனுக்காகக் கடைத் திறப்பு விழாவுக்கும் இரவு விடுதிக்கும் முகம் காட்டப் போய்க்கொண்டிருந்தான்.

இத்தனைக்கும் தப்பிக்க வழி இருந்தது. வருமானம் குறைந்துவிட்டது என்று தெரிந்தால் முன்பணத்தைக் குறைக்கச் சொல்லி வரித்துறையிடமே விண்ணப்பிக்கலாம். அதிகமாகக் குறைத்துக் கேட்டால் பிறகு வட்டி போடுவார்கள், அவ்வளவுதான். அந்த வீட்டில் ஒருவருக்கும் இது தெரியாது. தெரிந்த ஏஜென்ட் சொல்லவில்லை.

செய்ய வேண்டியது பெரிய வித்தை ஒன்றும் இல்லை. பணம் வந்த அன்றே முப்பது சதவீதத்தை வேறு வங்கிக் கணக்குக்கு மாற்றுங்கள். அந்தக் கணக்குக்கு அட்டை வாங்காதீர்கள். வரி ஆண்டு ஏப்ரல் 5-ல் முடிந்ததும், அக்டோபர் 5-க்குள் சுயமதிப்பீட்டுக்கு, அதாவது வரிக் கணக்கை நாமே தாக்கல் செய்யும் முறைக்கு, வரித்துறையில் பதிவு செய்யுங்கள். ஜனவரி 31-ஐத் தவறவிட்டால் எடுத்த எடுப்பில் 100 பவுண்டு அபராதம். ஏஜென்ட் கமிஷன், ஆடிஷனுக்குப் போன ரயில் செலவு ஆகியவற்றின் ரசீதுகளை ஒரு பிஸ்கட் டின்னில் போட்டுவைத்தாலும் போதும்.

இன்னொன்று, இது பெற்றோருக்கு. கலிஃபோர்னியாவில் சிறுவர் நடிகரின் சம்பளத்தில் ஒரு பங்கைப் பிள்ளை பெயரில் பூட்டிவைக்கச் சட்டமே கட்டாயப்படுத்துகிறது. இங்கே, உரிமம் தரும்போது கவுன்சில் விரும்பினால் அப்படி நிபந்தனை போடலாம் என்ற அளவில் நிற்கிறது. போடாவிட்டாலும் பணம் பிள்ளையுடையது. ஜூனியர் ஐசா என்ற, பிள்ளை பெயரிலான வரியில்லாச் சேமிப்புக் கணக்கில் ஆண்டுக்கு 9,000 பவுண்டு வரை போடலாம், பதினெட்டு வரை யாராலும் எடுக்க முடியாது. உங்களாலும்தான். அதற்காகவே அதைச் சிபாரிசு செய்கிறேன்.

பெயர்

நடிகர் சங்கமான ஈக்விட்டியில் உங்கள் பெயரில் ஏற்கெனவே ஒருவர் இருந்தால் வேறு பெயர் தேட வேண்டும். டேவிட் மெக்டொனால்டு அப்படித்தான் டேவிட் டெனன்ட் ஆனார். முதல் எபிசோடுக்கு முன்பே பாருங்கள்.

ஒப்பந்தத்தில் 'ஆப்ஷன்'

ஒப்பந்தத்தை நீட்டிக்கும் உரிமை தயாரிப்பாளர்களுடையது. உங்களுடையது இல்லை.

யாரோ போனார்கள் என்று நாமும் போவது

இரண்டாம் வருஷ முடிவில் பிள்ளைகளுக்கு ஒரு காய்ச்சல் வரும். ஆனா ஃப்ரீல் 'புரூக்சைட்' தொடரில் பெத் ஜோர்டாஷாக இரண்டு வருஷம்தான் இருந்தார், 1999-ல் பிராட்வே மேடையில் நின்றார், நானும் போகிறேன் என்பார்கள். அவருக்கு அந்த இரண்டு வருஷத்தில் கிடைத்தது என்ன? கொடுமைக்கார அப்பாவைக் கொன்று முற்றத்தில் புதைத்த குடும்பத்தின் கதை. அதோடு 1994-ல் பிரிட்டன் முழுக்கப் பேசிய, இரு பெண்கள் முத்தமிடும் காட்சி. பதினெட்டு வயதுக்குள் அப்படிப்பட்ட பாத்திரம் எத்தனை பேருக்குக் கிடைக்கும்? அடுத்த வீட்டுக்காரரோடு குப்பைத்தொட்டிச் சண்டை போட்ட பாத்திரத்தை வைத்துக்கொண்டு அதே கணக்கைப் போடக் கூடாது.

எதிர்ப்பக்கத்தில் ஹிமேஷ் படேல் இருக்கிறார். 2007-ல் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' தொடருக்கு வந்தார், தம்வார் மசூதாக 2016 வரை அங்கேயே இருந்தார். மூன்று வருஷம் கழித்து டேனி பாயில் இயக்கிய திரைப்படத்தில் கதாநாயகன். ஒன்பது வருஷம் சீரியலில் இருந்தது அவரை முடக்கிவிடவில்லை. அசட்டுச் சிரிப்புக்கும் சோகத்துக்கும் நடுவில் அவர் பிடித்துவைத்த அந்த நிதானம், வாரத்துக்கு நான்கு எபிசோடு ஓட்டத்தில் பழகியது என்றே நான் நினைக்கிறேன். ஆடம் வுட்யாட் 16 வயதில் இயன் பீலாக 'ஈஸ்ட்எண்டர்ஸ்' முதல் எபிசோடில் வந்தவர். நடுவில் ஓரிரு வருஷம் மேடை நாடகம் அது இது என்று போய்விட்டு, 2022 இறுதியில் திரும்பி வந்துவிட்டார். அதுவும் ஒரு வாழ்க்கைதான், அதில் குறைவு ஒன்றும் இல்லை.

போனபிறகு உடனே எதுவும் வராது என்று வைத்துக்கொண்டு போகிறவர்கள் பிழைக்கிறார்கள். ஜோ கில்கன் 1994 முதல் 1997 வரை 'கொரனேஷன் ஸ்ட்ரீட்' தொடரில் சிறுவனாக நடித்தார். பிறகு சுவருக்குப் பூச்சு வேலை செய்து சம்பாதித்தார். அதற்குப் பின்னால் 2006-ல் இயக்குநர் ஷேன் மெடோஸின் படமும் 'எமர்டேல்' தொடரும் வந்தன.

சூசன் டலி பத்து வருஷம் இருந்துவிட்டு 1995-ல் கிளம்பினார், பிறகு இயக்குநரானார். இன்று பிரிட்டிஷ் தொலைக்காட்சி நாடகங்களில் அவர் பெயர் அந்த இடத்தில்தான் வருகிறது. என் பொறுப்பில் இருக்கும் பிள்ளைகளிடம் இவரைப் பற்றி அதிகம் பேசுவேன். காத்திருக்கிற நேரத்தில் போனைப் பார்க்காமல் கேமராவைப் பாருங்கள், எந்தக் கேமரா யாரைப் பிடிக்கிறது, இயக்குநர் ஏன் அந்த ஷாட்டை மறுபடி கேட்டார் என்று பாருங்கள் என்பேன். பத்தில் எட்டு பேர் போனைத்தான் பார்ப்பார்கள்.

ரசிகர்கள்

தெருவில் பாத்திரத்தின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். திரும்பிப் பாருங்கள்.