கேமராவுக்குள்ளேயே எடிட்டிங்: சினே-ட்ராக்ட் செய்யும் முறை

1968 மே மாதம் பிரான்ஸில் மாணவர் போராட்டமும் தொழிலாளர் வேலைநிறுத்தமும் ஒன்றுசேர்ந்தபோது பிறந்த வடிவம் சினே-ட்ராக்ட். ட்ராக்ட் என்றால் துண்டுப் பிரசுரம்; சினே-ட்ராக்ட் என்பது துண்டுப் பிரசுரம் போன்ற குறும்படம். கிறிஸ் மார்க்கர், கோதார், அலென் ரெனே போன்ற இயக்குநர்கள் இதில் ஈடுபட்டார்கள்; ஆனால் படத்தில் யார் பெயரும் வராது. கறுப்பு வெள்ளை, 16 மி.மீ., ஒலி இல்லை, 30 மீட்டர் சுருள் ஒன்று. பெரும்பாலும் புகைப்படங்களைப் படமெடுத்து, கேமராவிலேயே வரிசைப்படுத்தினார்கள். சுருள் தீர்ந்தால் படமும் தீர்ந்தது.

அரசியல் படங்களின் எடிட்டராக விரும்புபவருக்கு இதைவிட நல்ல பயிற்சி இல்லை என்பது எங்கள் உறுதியான கருத்து. ‘இஸட்’ என்ற அரசியல் படத்தை எடிட் செய்ததற்காக ஃபிரான்சுவாஸ் பொன்னோ ஆஸ்கர் வாங்கினார். அப்படிப்பட்ட படத்தில் எடிட்டர் ஒரு வெட்டை மேசையில் பத்து முறை மாற்றிப் பார்க்கலாம். சினே-ட்ராக்டில் அது முடியாது.

முதல் வேலை கணக்கு. 16 மி.மீ. ஃபிலிமில் ஒரு ஃப்ரேமுக்கு 7.62 மி.மீ. நீளம். 30 மீட்டரில் ஏறத்தாழ 3,937 ஃப்ரேம். நொடிக்கு 24 வீதம் 2 நிமிடம் 44 நொடி. இப்படிப் பிரிக்கலாம்: தலைப்புக்கு 96 ஃப்ரேம், 30 படங்களுக்குத் தலா 84, எழுத்து அட்டை ஆறுக்குத் தலா 120, கேமரா படத்தின்மேல் நகரும் ஷாட் மூன்றுக்குத் தலா 144. மொத்தம் 3,768. மீதி 169 ஃப்ரேம், அதாவது ஏழு நொடி, தவறுகளுக்கான கையிருப்பு. அதையும் திட்டத்தில் செலவழித்துவிட்டால் கடைசி ஷாட் பாதியில் அறுந்துபோகும். சுருளை மாட்டும்போதும் கழற்றும்போதும் இரு முனைகளிலும் வெளிச்சம் படும். அந்தப் பகுதியை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள்.

ஒவ்வொரு படத்துக்கும் எண் போட்டு, பின்புறம் ஃப்ரேம் எண்ணிக்கையை எழுதுங்கள். வரிசையைக் கடைசிப் படத்திலிருந்து முன்னோக்கிக் கட்டுங்கள். எங்கே போய் நிற்கப் போகிறோம் என்று தெரியாமல் தொடங்கினால் நடுப்பகுதி வெறும் படக் குவியலாகிவிடும். போலீஸ் தடியை ஓங்கும் படத்துக்கு அடுத்து வைப்பது ரத்தம் வழியும் முகமா, நாடாளுமன்றமா? இரண்டும் இரு வேறு வாதங்கள். எழுத்து அட்டையை வாய்விட்டு இரண்டு முறை படித்து, அந்த நேரத்தைக் கொடுங்கள். கோதார் புகைப்படத்தின் மேலேயே பேனாவால் எழுதினார். அட்டைக்கான ஃப்ரேம் மிச்சமாகும். எழுத்தும் படமும் ஒரே கணத்தில் மோதும்.

பிறகு, ஃபிலிம் போடாமல் ஸ்டாப்வாட்சுடன் முழுவதையும் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள்.

படத்தைத் தட்டையாக வைத்து, இருபுறமும் 45 பாகையில் ஒவ்வொரு விளக்கு. பளபளப்பான தாளில் ஒளி தெறிக்கும். மங்கல் தாளில் அச்சிடுங்கள். வெளிச்சத்தைச் சாம்பல்நிற அட்டையில் அளக்க வேண்டும். வெள்ளைத் தாளில் எழுதிய முழக்கத்தை நேரடியாக அளந்தால் ஒளிமானி ஏமாந்து, வெள்ளை அழுக்குச் சாம்பலாகிவிடும். 35 மி.மீ. புகைப்படத்தின் அகல-உயர விகிதம் 3:2, நம் சட்டகத்துக்கு 4:3. பக்கவாட்டில் கொஞ்சம் வெட்டுப்படும். ஓரத்தில் நிற்கும் ஆள் முக்கியமானவரா என்று முன்பே பாருங்கள்.

ஸ்பிரிங் கேமரா என்றால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன் முழுக்க முறுக்குங்கள். நடுவில் நின்றால் திரும்ப எடுக்கச் சுருள் இல்லை. ஒற்றை ஒற்றை ஃப்ரேமாக எடுக்கும்போது ஷட்டர் திறந்திருக்கும் நேரம் மாறும். சில ஷாட்டை அப்படியும் சிலதை ஓட்டத்திலும் எடுத்தால் வெளிச்சம் துள்ளும். ஒரு முறையைப் பிடித்துக்கொள்ளுங்கள்; இரண்டும் தேவையென்றால் அப்பர்ச்சரை (லென்ஸில் ஒளி புகும் துளையின் அளவை) தனித்தனியே சோதித்துக் குறித்துவையுங்கள்.

கணினியில் பழகுபவர்கள் டைம்லைனை 3,937 ஃப்ரேமில் பூட்டி, இடமிருந்து வலமாக மட்டும் படங்களை வையுங்கள். வைத்ததை நகர்த்தவோ அழிக்கவோ கூடாது.