பார்த்தவரைப் பேச விடுங்கள்: சாட்சியிடம் கேட்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ராயக்கோட்டை ரோட்டில் பஸ்ஸுக்கு நின்றபோது கழுத்துச் செயினைப் பறிகொடுத்த ஒரு ஆயா, மறுநாள் காலை மனு எழுத வக்கீலான என்னிடம் வந்தார். வயது எழுபதை ஒட்டி இருக்கும். கூட வந்த பக்கத்து வீட்டுப் பையன் உட்காருவதற்குள் ஆரம்பித்துவிட்டான். "கருப்புப் பல்சருங்க மேடம். ரெண்டு பேரு. ரெண்டு பேருமே ஹெல்மெட்." ஆயாவும் தலையாட்டினார். என் ஜூனியர் எழுதியும் முடித்தார்.

பையனை டீ குடித்துவிட்டு வரச்சொல்லி அனுப்பினேன். "ஆயா, செயின் போனதை அப்புறம் பேசிக்கலாம். நேத்து காலையில எந்திரிச்சதுல இருந்து சொல்லுங்க" என்றேன்.

சாமந்தி மூட்டை கட்டியதில் தொடங்கினார். கயிறு பற்றாமல் பழைய புடவையைக் கிழித்து முடிந்தது, நிறுத்தத்தில் மூட்டையை இறக்கியபோது தோள் வலித்தது, பனியில் பூ நனைந்து கனத்தது என்று போய்க்கொண்டே இருந்தது. நான் ஒன்றும் பேசவில்லை. பத்து நிமிடம் ஆகியிருக்கும். கண்ணை அவராகவே மூடிக்கொண்டார். வலது கை மெல்ல எழும்பிக் கழுத்துக்குப் போனது.

"வண்டிய நான் எங்க கண்ணு பாத்தேன்? குனிஞ்சில்ல இருந்தேன். பின்னால டபடபன்னு சத்தம், எங்க ஊரு பால்காரரு வண்டி மாதிரி. கை மட்டும் இப்படி வந்திச்சி. மணிக்கட்டுல செவப்புக் கயிறு, ரெண்டு மூணு சுத்து."

கருப்பு என்று யார் சொன்னது என்று கேட்டேன். "அங்க நின்னவங்க பேசிக்கிட்டாங்க கண்ணு."

அவர் பொய் சொல்லியிருக்கவில்லை. ஊரார் பேச்சு அவருடைய நினைவின் மேல் உட்கார்ந்திருந்தது, அவ்வளவுதான். அந்தச் சிவப்புக் கயிறு எங்கே கொண்டுபோய் விடும் என்பது விசாரணையின் பாடு. ஆனால் அது அவர் கண்ணால் கண்டது. எழுதியிருந்த தாளைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதினோம். இந்த மாவட்டத்துக் கோர்ட்டுகளில் வருடக்கணக்காகச் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்துவருகிறேன். கூண்டில் ஏறும் சாட்சி தடுமாறும்போது, பெரும்பாலும் தவறு அவரிடம் இல்லை, முதல் நாள் அவரிடம் கேட்டவரிடம் இருக்கிறது. இளம் வக்கீல்கள், ஸ்டேஷனில் வாக்குமூலம் எழுதுகிறவர்கள், சட்ட உதவித் தன்னார்வலர்கள், சம்பவ இடத்துக்கு முதலில் ஓடிவரும் ஊர்க்காரர்கள் எல்லோருக்குமாக இதை எழுதுகிறேன்.

பதிலைக் கேள்விக்குள் வைத்துக் கேட்பது

"கத்தி வச்சிருந்தானா?" என்று கேட்டால் ஒரு கத்தி வந்துவிடுகிறது. "கையில என்ன இருந்துச்சு?" என்பதிலும் கையில் ஏதோ இருந்தது என்ற செய்தி ஒளிந்திருக்கிறது. "அவன் எப்படி இருந்தான், சொல்லுங்க" என்பதுதான் சுத்தமான கேள்வி.

1974-ல் அமெரிக்காவில் எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பால்மரும் மாணவர்களுக்குக் கார் விபத்துப் படங்களைப் போட்டுக் காட்டி, எவ்வளவு வேகம் என்று கேட்டார்கள். "நொறுங்க மோதியபோது" என்ற சொல்லோடு கேட்டவர்களிடம் சராசரி பதில் மணிக்குச் சுமார் 65 கிலோமீட்டர். "தொட்டுக்கொண்டபோது" என்று கேட்டால் சுமார் 51. மாற்றியது ஒரே ஒரு வினைச்சொல். இன்னொரு சோதனையில் ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. "நொறுங்க" என்று கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர் பார்த்தோம் என்றார்கள். "இடித்தபோது" என்று கேட்கப்பட்ட 50 பேரில் 7 பேர்.

நம் சட்டத்துக்கும் இது தெரியும். முதல் விசாரணையில், அதாவது சாட்சியை அழைத்த தரப்பே கேட்கும்போது, எதிர்த்தரப்பு ஆட்சேபித்தால், கோர்ட் அனுமதி இல்லாமல் இப்படிப்பட்ட கேள்வியைக் கேட்க முடியாது. பாரதிய சாக்ஷிய அதிநியமம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் பிரிவு 146 இது. ஆனால் கோர்ட்டுக்கு வருவதற்குள் அந்தச் சாட்சியிடம் இதே மாதிரி எத்தனை பேர் கேட்டு முடித்திருப்பார்கள்! அங்கே ஆட்சேபிக்க ஆள் இல்லை.

குறுக்கே பேசுவது

என்னைக் கேட்டால் எல்லாவற்றிலும் பெரிய தவறு இதுதான். ரொனால்ட் ஃபிஷர், எட்வர்ட் கைசல்மேன் என்ற இரண்டு உளவியலாளர்கள் 1980-களில் மயாமி பகுதிப் போலீஸ் விசாரணை டேப்புகளைக் கேட்டு ஆராய்ந்தார்கள். சாட்சி பேசத் தொடங்கிய சராசரியாக ஏழரை வினாடியில் விசாரிப்பவர் குறுக்கிட்டிருந்தார். ஏழரை வினாடியில் ஆயாவால் மூட்டையைக் கூட இறக்கியிருக்க முடியாது.

ஏன் குறுக்கிடுகிறோம்? எழுதுகிறவருக்கு ஒரு வரிசை வேண்டும். பெயர், தகப்பனார் பெயர், வயது, தொழில், சம்பவ நேரம், இடம், ஆள் அடையாளம். நினைவு அந்த வரிசையில் வருவதில்லை. சத்தத்தில் தொடங்கும், வாசனையில் தொடங்கும், அன்றைக்கு நடந்த வீட்டுச் சண்டையில் தொடங்கும். நடுவில் "கலர் என்ன?" என்று ஒருமுறை கேட்டுவிட்டால் சாட்சி தன் மனதில் ஓடிய காட்சியை விட்டுவிட்டு நம் கேள்விக்கு வந்துவிடுகிறார். நாலு தடவை இப்படி நடந்தால், இனி இவர் கேட்கட்டும், நாம் சுருக்கமாகச் சொல்லிக்கொள்வோம் என்று உட்கார்ந்துவிடுவார்.

செய்ய வேண்டியது சுலபமாகத் தெரியும், செய்வது கஷ்டம். பேனாவைக் கீழே வையுங்கள். முதல் சுற்றில் எழுதவே வேண்டாம். அவர் நிறுத்தினாலும் உடனே அடுத்த கேள்வியைப் போடாமல் மனதுக்குள் பத்து எண்ணுங்கள். அந்த மௌனத்துக்குப் பிறகுதான் பல சமயம் முக்கியமான வாக்கியம் வருகிறது. இரண்டாம் சுற்றில், அவர் சொன்ன சொல்லையே எடுத்துக் கேளுங்கள்: "செவப்புக் கயிறுன்னீங்களே, அதைப் பத்திச் சொல்லுங்க."

ஃபிஷரும் கைசல்மேனும் உருவாக்கிய முறைக்குக் காக்னிடிவ் இன்டர்வியூ என்று பெயர். சம்பவத்துக்கு முந்தைய இடத்துக்கும் மனநிலைக்கும் சாட்சியை மனதால் திரும்பப் போகச் சொல்வது, அற்பமாகத் தோன்றுவதையும் விடாமல் சொல்லச் சொல்வது, கடைசியிலிருந்து தொடக்கத்துக்குத் திரும்பிப் போயும் ஒருமுறை சொல்லவைப்பது ஆகியவை அதில் அடக்கம். உண்மையான குற்ற வழக்குகளில் துப்பறிவாளர்களை வைத்துப் பார்த்து, 1989-ல் முடிவை வெளியிட்டார்கள். பயிற்சி பெற்றவர்கள், தாங்கள் முன்பு பெற்றதைவிட 47 சதவீதம் கூடுதல் தகவலைச் சாட்சிகளிடமிருந்து பெற்றார்கள். பயிற்சி பெறாதவர்களோடு ஒப்பிட்டால் 63 சதவீதம் கூடுதல்.

இதில் மந்திரம் எதுவும் இல்லை, வசியமும் இல்லை. கூடுதலாக வரும் விவரங்களோடு தவறானவையும் கொஞ்சம் வரும் என்று பிந்தைய ஆய்வுகள் காட்டுகின்றன. சரியானவை வருவது அதைவிட மிக அதிகம். இந்த முறையில் இன்னொரு படி உண்டு: அங்கே நின்ற வேறொருவர் கண்ணில் எப்படித் தெரிந்திருக்கும் என்று யோசிக்கச் சொல்வது. நான் அதைப் பயன்படுத்துவதில்லை. குழந்தைகளிடம் கேட்கவே கூடாது. அது ஊகத்துக்குக் கதவைத் திறக்கிறது.

எல்லோரையும் ஒரே பெஞ்சில் உட்கார வைப்பது

தொப்பூர் கணவாயில் லாரி கவிழ்ந்தால் அரை மணி நேரத்தில் அங்கே ஒரு கூட்டம் இருக்கும். டீக்கடையில் நின்றவர், பின்னால் வந்த காரில் இருந்தவர், சத்தம் கேட்டு ஓடிவந்தவர். ஸ்டேஷனுக்குப் போவதற்குள் மூன்று பேருடைய பார்வையும் ஒரே கதையாகிவிடும். யாரோ எடுத்த செல்போன் வீடியோவும் அதற்குள் எல்லோர் வாட்ஸ்அப்பிலும் வந்திருக்கும். அதில் பார்த்தது எது, நேரில் பார்த்தது எது என்று அவர்களாலேயே பிரிக்க முடியாமல் போகும்.

2003-ல் வெளியான ஒரு பிரிட்டிஷ் ஆய்வில், ஒரே சம்பவத்தை வேறு வேறு கோணத்தில் எடுத்த வீடியோக்களை இருவர் இருவராகக் காட்டி, பிறகு பேசிக்கொள்ள விட்டார்கள். பேசிக்கொண்டவர்களில் 71 சதவீதம் பேர், மற்றவர் மட்டுமே பார்த்திருக்கக்கூடிய ஒரு விஷயத்தையாவது தாங்கள் பார்த்ததாகச் சொன்னார்கள்.

வாக்குமூலத்தை எழுத்தில் எடுத்தால் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக, உள்ளது உள்ளபடி எழுத வேண்டும் என்கிறது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸின் பிரிவு 180. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 161 தான் 2024 ஜூலை 1 முதல் இந்த எண்ணில் இருக்கிறது. நாங்கள் இன்னும் ஒன் சிக்ஸ்டி ஒன் என்றே பேசிக்கொள்கிறோம். ஐந்து சாட்சிகளின் வாக்குமூலத்திலும் ஒரே வாக்கியம், ஒரே எழுத்துப்பிழை என்று வந்த வழக்குக் கட்டுகளை நான் பார்த்திருக்கிறேன். அந்த ஐந்து பேரும் உண்மையாகவே பார்த்தவர்களாக இருக்கலாம். அவர்களைக் கூண்டில் ஏற்றியபின் அதை நிரூபிக்க வழியில்லை. பிரித்து உட்கார வைக்க அறை இல்லையென்றால், ஒருவரை வேப்பமரத்தடியிலும் ஒருவரைத் திண்ணையிலும் உட்கார வையுங்கள். உடனே கேட்க ஆள் இல்லையென்றால், பார்த்ததை அவரவர் செல்போனில் குரலாகப் பதிந்து வைத்துக்கொள்ளட்டும்.

அவர்கள் கணக்கை நம் கணக்காக்குவது

எங்கள் பக்கம் நேரம் கடிகாரத்தில் மட்டும் ஓடுவதில்லை. "சொசைட்டிக்குப் பால் ஊத்தப் போனப்ப", "கடைசி டவுன் பஸ் போன பின்னாடி" என்பார்கள். அதை வாக்குமூலத்தில் "சுமார் 17.30 மணியளவில்" என்று ஆக்கிவிடுகிறார்கள். வாட்ச்சே கட்டாத மனுஷியிடம் "அஞ்சரைன்னு எப்படிம்மா தெரியும்?" என்று கேட்டு நானே ஒரு சாட்சியைத் திணற வைத்திருக்கிறேன். அவர் சொன்னபடியே எழுதியிருந்தால் நான் அந்தக் கேள்வியைக் கேட்டிருக்க முடியாது. பால் ஊற்றிய நேரத்தைச் சொசைட்டிப் பதிவில் பார்த்துக்கொள்ளலாமே.

திசையும் அப்படித்தான். "கெழக்கால ஓடுனான்" என்பவரிடம் இடதா வலதா என்று கேட்டுக் குழப்பாதீர்கள். ஒரு தாளைக் கொடுத்துக் கோடு போட்டுக் காட்டச் சொல்லுங்கள். உயரத்தை அடியில் கேட்காமல், இந்த நிலைப்படிக்கு எவ்வளவு இருப்பான் என்று காட்டச் சொல்லலாம்.

மொழியையும் சொல்லியாக வேண்டும். கிருஷ்ணகிரி மாவட்டத்தில் சூளகிரி, வேப்பனப்பள்ளி பக்கம் வீட்டில் தெலுங்கு பேசுகிறார்கள். தளி, அஞ்செட்டி பக்கம் கன்னடம். பதற்றத்தில் இருக்கும் ஒருவர் தன் வீட்டு மொழியில் நினைத்து, தெரிந்த அளவு தமிழில் சொல்லும்போது பாதி உதிர்ந்துவிடுகிறது. முதல் சுற்றை அவர் மொழியிலேயே சொல்ல விடுங்கள்.

தெரியாததைச் சொல்ல வைப்பதும், பாராட்டுவதும்

"நல்லா யோசிச்சுப் பாருங்க, மூஞ்சியப் பாக்காம எப்படி?" என்று மூன்றாம் முறை கேட்டால் ஒரு முகம் வந்துவிடும். வீச்சரிவாளைத் தூக்கிக்கொண்டு ஒருவன் எதிரே நின்றால் கண் அரிவாள் மேலேயே நிற்கும், முகம் பதியாது. அப்படிப்பட்டவர் முகம் நினைவில்லை என்றால் அது மழுப்பல் ஆகாது. ஆரம்பத்திலேயே சொல்லிவிடுங்கள்: "தெரியலன்னா தெரியலன்னு சொல்லுங்க. நான் அங்க இல்ல, எனக்கு எதுவும் தெரியாது."

செல்போனில் ஒரே ஒரு போட்டோவைக் காட்டி "இவன்தானே?" என்பதும், அவர் ஆமாம் என்றதும் "கரெக்டா சொன்னீங்க" என்பதும் இதன் உச்சம். அமெரிக்காவின் வட கரோலினாவில் 1984-ல் நடந்த ஒரு பாலியல் வன்கொடுமை வழக்கில், பாதிக்கப்பட்ட பெண் முதலில் போட்டோக்களிலிருந்தும், பிறகு நேரில் நிறுத்திய வரிசையிலிருந்தும் ரொனால்ட் காட்டன் என்பவரை அடையாளம் காட்டினார். இரண்டிலும் இருந்த ஒரே ஆள் அவர்தான். போட்டோவில் நீங்கள் காட்டியதும் இவரைத்தான் என்று போலீஸ் உறுதிப்படுத்தியது. கோர்ட்டில் அந்தப் பெண்ணுக்குத் துளி சந்தேகம் இல்லை. 1995-ல் டி.என்.ஏ. சோதனை அவர் நிரபராதி என்று காட்டும்வரை, பத்து வருடத்துக்கு மேல் காட்டன் சிறையில் இருந்தார். குற்றத்தைச் செய்தவர் வேறொருவர்.

இங்கே, சந்தேக நபரை மற்றவர்களோடு வரிசையில் நிறுத்திக் காட்டும் அடையாள அணிவகுப்பை மாஜிஸ்திரேட் நடத்துகிறார். அதற்கு முன்பே போட்டோவைக் காட்டிவிட்டால், சாட்சி அணிவகுப்பில் காண்பது சம்பவத்தன்று பார்த்த முகமா, போனில் பார்த்த முகமா என்று சொல்ல யாராலும் முடியாது.

அலையவிடுவது

இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பெண்கள், 15 வயதுக்குட்பட்ட அல்லது 60 வயதைக் கடந்த ஆண்கள், மாற்றுத்திறனாளிகள், கடும் நோயில் இருப்பவர்கள் ஆகியோரைச் சாட்சி விசாரணைக்காக ஸ்டேஷனுக்கு வரச்சொல்லிக் கட்டாயப்படுத்த முடியாது. அவர்கள் இருக்கும் இடத்துக்குத்தான் போக வேண்டும். பி.என்.எஸ்.எஸ். பிரிவு 179. குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்ட வழக்கென்றால், குழந்தையிடம் வாக்குமூலம் எடுக்கும் அதிகாரி சீருடையில் இருக்கக் கூடாது. போலீஸ் எழுதும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்துப் போடக் கூடாது என்பதையும் (பிரிவு 181) பலர் அறியாமல் இருக்கிறார்கள். பசியோடு ஐந்து மணி நேரம் காத்திருந்தவர் சீக்கிரம் முடித்துக்கொண்டு போகத்தான் பேசுவார்.

பிறகு வரும் நினைவைத் தள்ளிவிடுவது

ஒரே உட்காரலில் எல்லாம் வந்துவிடாது. வீட்டுக்குப் போய்ச் சோறு தின்று தூங்கி எழுந்தபின் ஒன்று வரும். அதை "அன்னைக்கே ஏன் சொல்லல?" என்று அதட்டினால் அடுத்தது வரவே வராது. முதல் வாக்குமூலத்தில் இல்லாத முக்கியமான விஷயத்தைப் பின்னால் சொன்னால் அது முரண்பாடு என்று எங்களைப் போன்றவர்கள் வாதாடுவோம், உண்மைதான். அதற்காகவே, எப்போது, எப்படி, யார் கேட்டு நினைவு வந்தது என்பதையும் சேர்த்து எழுதி வைக்க வேண்டும்.

ஆயா கிளம்பும்போது என் நம்பரை ஒரு தாளில் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்திருந்தேன். மூன்றாம் நாள் சாயங்காலம் பேத்தி போனிலிருந்து கூப்பிட்டார். "கண்ணு, இப்பதான் பூ கட்டிக்கிட்டிருந்தேன். அந்தக் கை எடது கை." யாரும் கேட்கவில்லை, அவராகவே ஞாபகம் வந்தது என்றார். தேதி, மணி 6.40, பூ கட்டும்போது, தானாக என்று மனு நகலின் கீழே எழுதிவிட்டு, அதை அப்படியே விசாரணை அதிகாரியிடம் சொல்லச் சொன்னேன்.