லைலாக்குக்குப் பதில் பூமருது: நம் வாசலில் வளர்ப்பது எப்படி?

குளிர்நாட்டுப் பூச்செடியான லைலாக்கின் படத்தைப் பார்த்து மயங்கி, கோயம்புத்தூர் நர்சரிகளில் அதன் கன்றைத் தேட வேண்டாம். மாதக்கணக்கில் கடுங்குளிரில் உறங்கி எழுந்தால்தான் அது நன்றாகப் பூக்கும். நம் மார்கழிக் குளிர் அதற்குப் பத்தாது. அதே இளம் ஊதா நிறப் பூ நம் பூமருது மரத்தில் இருக்கிறது. சித்திரை வெயிலில் மற்ற செடிகள் வாடும்போது இது கொத்துக் கொத்தாகப் பூக்கும். மலர்ந்த இதழ் நாளாக ஆக வெளிறும். ஒரே கொத்தில் மூன்று, நான்கு சாயல் தெரியும். எனக்கு அதுதான் இதன் பெரிய அழகு.

முதலில் இடம். நாள் முழுக்க வெயில் படவேண்டும். சுவரிலிருந்து 15 அடியாவது தள்ளி, மேலே மின்கம்பி இல்லாத இடமாகப் பாருங்கள்.

அடுத்து குழி. 2 அடி நீளம், அகலம், ஆழம். மேல்மண்ணோடு மூன்றில் ஒரு பங்கு மக்கிய தொழு உரமும் ஒரு கை வேப்பம் புண்ணாக்கும் கலந்து நிரப்புங்கள். சுக்கான்கல் (சுண்ணாம்புக் கல்) நிறைந்த நிலமென்றால் குழியை 3 அடியாக்கி, கல்லைப் பொறுக்கிவிடுங்கள். அப்படியும் நரம்பு பச்சையாக இருக்க இளம் இலை மஞ்சளானால் இரும்புச்சத்துக் குறைவு. லிட்டருக்கு 5 கிராம் அன்னபேதி (இரும்பு சல்பேட்) கரைத்து மாலையில் இலைமேல் தெளிக்கலாம்.

ஆடியில் நடுவது நம் வழக்கம். இந்த மரத்துக்கு அது சரிவராது. பாலக்காட்டுக் கணவாய்க் காற்று இளங்கன்றை ஆட்டி, வேர் பிடிக்கவே விடாது. ஐப்பசி மழையில் நடுங்கள். அடுத்த ஆடிக்குள் இரண்டு பக்கமும் மூங்கில் ஊன்றித் தளர்வாகக் கட்டுங்கள்.

இது ஆற்றோரத்து மரம். முதல் இரண்டு கோடையும் வாரம் இரண்டு முறை, இரண்டு குடம் தண்ணீர் ஊற்றி, அடியில் காய்ந்த இலையை மூடாக்காகப் போடுங்கள்.

கவாத்தில்தான் பலர் தவறு செய்கிறார்கள். பூ வருவது புதுத் துளிரின் நுனியில். நான் ஒரு வருடம் பங்குனியில் கிளையைக் கழித்துவிட்டு, அந்தக் கோடையில் ஒரு கொத்துகூடப் பார்க்கவில்லை. தை மாதம், இலை உதிர்ந்து நிற்கும்போது வெட்டுங்கள். உள்ளே உரசும் கிளை, அடியில் முளைக்கும் பக்கக்கன்று, காய்ந்த காய்க்கொத்து இவற்றை மட்டும் எடுத்தால் போதும்.

விதைக்கன்று பூக்கச் சில வருடம் ஆகும். பதியன் கன்று (தாய்மரக் கிளையிலேயே வேர்விட வைத்துப் பிரித்தது) கிடைத்தால் அதையே வாங்குங்கள், சீக்கிரம் பூக்கும்.