படிகக் கோபுரக் கதை எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கொடைக்கானல் தூண் பாறைக்கு எதிரே நின்றவர்களுக்குத் தெரியும். 400 அடி உயரத்துக்கு மூன்று பாறைகள் கண்முன் நிற்கும். மஞ்சு ஏறினால் ஒரே நிமிடத்தில் அந்த இடம் வெறும் வெள்ளை. மறுபடி விலகும்போது, அதே பாறைகள்தானா என்று மனம் ஒருமுறை எண்ணிப் பார்த்துக்கொள்ளும். இந்தப் பழனி மலையில் வளர்ந்து மாயக்கதை எழுத வருகிற பிள்ளைகளின் நோட்டில், உலகத்தையே மாற்றிவிடும் படிகக் கோபுரம் அடிக்கடி வருவதில் எனக்கு ஆச்சரியம் இல்லை. அப்படிப்பட்ட கதைகளை ஆசையோடு கேட்டு வாங்கிப் படிக்கிறவன் நான். நன்றாகத் தொடங்கிய கதைகள் அதே நாலைந்து இடங்களில் சறுக்குவதைப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

பெரிய தவறு, கோபுரத்தால் எதையும் மாற்ற முடியும் என்று விட்டுவிடுவது. மூன்றாம் பக்கத்தில் அது ஆற்றைத் திருப்புகிறது, பத்தாம் பக்கத்தில் செத்தவரை எழுப்புகிறது. அப்புறம் இருபதாம் பக்கத்தில் நாயகியின் தம்பி பள்ளத்தில் விழுந்தால் படிக்கிறவர் ஏன் பதற வேண்டும்? கோபுரம்தான் இருக்கிறதே! அது எதை மாற்றும், எதைத் தொடாது, எப்போது, யாருக்கு என்பதை முதலில் முடிவு செய்துகொள்ளுங்கள்.

விதி போட்டால் மாயம் குறைந்துவிடும் என்று பலர் பயப்படுகிறார்கள். இங்கே பள்ளத்தாக்கின் விளிம்பில் போகிற கோக்கர்ஸ் வாக் நடைபாதையில் எப்போதாவது தெரிகிற பிராக்கன் ஸ்பெக்டரை நினைத்துப் பாருங்கள். நம் நிழலே பூதம் போலப் பனியில் விழும், தலையைச் சுற்றி வண்ண வளையம் இருக்கும். முதுகுக்குப் பின்னால் தாழ்ந்த வெயில் வேண்டும், எதிரே பள்ளத்தில் பனி வேண்டும். ஒன்று குறைந்தாலும் கிடையாது. அதைவிட அதிசயம், நம் தலையைச் சுற்றிய வளையம் நமக்கு மட்டும்தான் தெரியும். பக்கத்தில் நிற்பவர் அவர் தலையைச் சுற்றித்தான் பார்ப்பார். இவ்வளவு கறாரான நிபந்தனைகளோடு வருகிற ஒன்று உடம்பைச் சிலிர்க்க வைக்கிறதே! அந்த ஒரு விதியையே கோபுரத்துக்குக் கொடுத்துப் பாருங்கள்: அவரவர் மாற்றம் அவரவருக்கு மட்டும். அண்ணனுக்கு அப்பா உயிரோடு இருக்கிறார், தங்கைக்கு இல்லை. இரண்டு பேரும் ஒரே அடுப்படியில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். இதற்கு மேல் அரக்கனோ போரோ தேவைப்படுமா என்று எனக்குத் தெரியவில்லை.

அடுத்தது நினைவு. கோபுரம் ஒளிர்ந்தது, உலகம் மாறியது, எல்லோருடைய நினைவும் சேர்ந்து மாறியது என்று எழுதினால், மாறியதே யாருக்கும் தெரியாது. கதையில் எதுவும் நடக்காத மாதிரிதான். ஏதாவது ஒரு மிச்சம் வேண்டும், அதுவும் சின்னதாக. பூம்பாறைப் பக்கத்துப் படிவயல்களைப் போல ஒரு மலைச்சரிவை வைத்துக்கொள்ளுங்கள். பூண்டு போடுகிற அம்மாவுக்கு நேற்றுவரை பதினான்கு படிகள், இன்று பதின்மூன்று. ஊரில் யாரைக் கேட்டாலும் எப்போதும் பதின்மூன்றுதான் என்கிறார்கள். ஆனால் கடைசிப் படியில் வேலை முடிந்ததும் அவர் கால் மட்டும் இன்னும் ஒரு படி இறங்கப் பார்க்கிறது. ‘வானம் பிளந்தது’ என்று ஒரு பக்கம் எழுதுவதைவிட எனக்கு இதுதான் பயத்தைத் தருகிறது.

படிகத்தைக் கண்ணாடி மாதிரி எழுதுவதும் பரவலான தவறு. எந்தப் படிகம் என்று கேட்டுக்கொண்டால் கதையே கிடைக்கும். மெக்சிகோவின் நைக்கா சுரங்கத்தில், 2000ஆம் ஆண்டில் கண்ட குகைக்குள், ஏறக்குறைய 12 மீட்டர் நீளப் படிகங்கள் குறுக்கும் நெடுக்குமாகக் கிடக்கின்றன. பார்க்கக் கோபுரங்கள்தான். ஆனால் அவை ஜிப்சம். நகத்தால் கீறலாம், தண்ணீரில் மெல்லக் கரையும். அப்படியொன்றைக் கொடைக்கானல் மழையில் நிறுத்தினால் தலைமுறை தலைமுறையாகத் தேய்ந்துகொண்டே வரும், அது காக்கிற உலகமும் சேர்ந்து தேயும். குவார்ட்ஸ் என்றால் வேறு கதை. அதை அழுத்தினால் மின்சாரம் பிறக்கும் என்று கியூரி சகோதரர்கள் 1880இல் காட்டினார்கள். கைக்கடிகாரத்துக்குள் அது நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது. உங்கள் கோபுரத்தை அழுத்துவது யார்? மலையா, அதன்மேல் ஊர்ந்து ஏறுகிற காடா?

அடிக்கடி ஒளிர விடாதீர்கள். குறிஞ்சி 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது. வருடாவருடம் பூத்திருந்தால் அதற்காக யார் காத்திருக்கப் போகிறார்கள்?

கடைசியாகப் பெயரும் பிறப்பும். வாயில் நுழையாத வெளிநாட்டு ஓசையில் ஒரு பெயர், அதன் பிறகு கோபுரத்தைக் கட்டியவர் யார், ஏன் என்று ஓர் அத்தியாயம். பக்கத்தில் குடியிருக்கிறவர்கள் அப்படிப் பேச மாட்டார்கள். தாண்டிக்குடிப் பக்கம் பழைய கல்திட்டைகள், அதாவது கற்பலகைகளை வீடு போல நிறுத்தி மூடிய ஈமச்சின்னங்கள், இருக்கின்றன. இந்த மாதிரிக் கல்திட்டைகளைக் குள்ளர் வீடு என்றும் பாண்டவர் வீடு என்றும் நம் மக்கள் சொல்வார்கள். கண்ணில் பட்ட அளவை வைத்தும் காதில் விழுந்த கதையை வைத்தும் வந்த பெயர்கள். உங்கள் கோபுரமும் ‘பல்லுக்கல்’ என்றோ ‘விளக்குப்பாறை’ என்றோ இருக்கட்டும். பிறப்புக் கதையை முழுதாக எழுதி உங்கள் நோட்டில் வைத்துக்கொள்ளுங்கள், நீங்கள் தடுமாறாமல் இருக்க அது உதவும். சமீபத்தில் ஒரு தங்கை தன் கதையில் அப்படி ஒன்பது பக்கங்களை எடுத்துவிட்டு ஒரே வரியை விட்டுவைத்திருந்தார்: பல்லுக்கல்லைத் தாண்டும்போது ஊர்க்காரர்கள் செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொள்வார்கள், மஞ்சு இறங்கிய நாளில் மட்டும் சுற்றுப்பாதையில் போவார்கள்.